பெரிய சிஸ்டர் வரட்டும்

“நீ வேலைக்குப் புதுசா? வேண்டாம்மா. கீமோன்னா விளையாட்டில்ல, பெரிய சிஸ்டரே வரட்டும்” என்று கறாராகச் சொல்லிவிட்டார், புற்றுநோய் வார்டில் ஊசிக்காகக் காத்திருந்த அந்த அம்மா.

முகம் தொங்கிப்போன நர்ஸ், பெரிய சிஸ்டரைத் தேடிப் போய், அவர் கிடைக்காமல் தனியாகவே திரும்பினாள். பார்த்தால், ட்ரிப் ஸ்டாண்டுக்குக் கீழே சிவப்பாக ஏதோ சிந்திக் கிடந்தது. கீமோ மருந்துகளில் ஒன்று அதே நிறம். தோலில் பட்டால் புண்ணாக்கிவிடும்.

“யாரும் கிட்ட வராதீங்க!”

கவுன், மாஸ்க், இரட்டைக் கையுறை மாட்டிக்கொண்டு, ஓரத்திலிருந்து உள்பக்கமாக ஒற்றியெடுத்து, பையில் போட்டுக் கட்டிய பிறகுதான் மூச்சு விட்டாள்.

“அது என் மாதுளை ஜூஸ்மா” என்றார் அந்த அம்மா.

வார்டே சிரித்தது.

“கை தவறிடுச்சுன்னு அப்பவே சொல்லியிருக்கலாம்ல?” என்றாள் நர்ஸ்.

“கை எங்கே தவறுச்சு? நீ என்ன பண்றேன்னு பார்க்க நானேதான் ஊத்தினேன்” என்றவர் கையை நீட்டினார். “வா, நீயே போடு.”