மயூரி வரும் இடம்

ஒரு விடுகதை, சொல்லுங்கள் பார்ப்போம். ஒற்றைக் கண் உண்டு, இமை இல்லை. பார்த்ததையெல்லாம் விழுங்கும்; கேட்டால் திருப்பிக் காட்டும். அது என்ன?

1999இல் நமுனுகுல மலையடித் தேயிலைத் தோட்டத்தில் கேட்டிருந்தால், பால்குடிப் பிள்ளைகூடக் கமெரா என்றிருக்கும்.

ஹெலன் லண்டனிலிருந்து வந்திருந்தார். இருபது வருடமாக ஆவணப்படங்கள் எழுதி இயக்குகிறவர். நாட்டுக்கு ஒரு பிள்ளை. அந்தப் பிள்ளையின் பின்னாலேயே படம் போகும். இங்கே அவர் தெரிந்தெடுத்தது சிவானுஜாவை.

லயத்து வரிசை வீடுகளில் அடுத்த காம்பராவில் இருந்த மயூரிக்குச் சோறு இறங்கவில்லை.

"வகுப்புல நான்தான் முதலாம் பிள்ளை, மாஸ்டர். அவ ஏழாவது," என்றாள், மொழிபெயர்க்க வந்த பத்மநாதன் மாஸ்டரிடம்.

"கொஞ்சம் தள்ளி நில் பிள்ளை. படத்துக்குள்ள விழுறாய்."

வழித்துத் தலைசீவி, சிவப்பு ரிப்பன் கட்டிப் போனாலும் தள்ளித்தான் நிற்க வேண்டியிருந்தது.

ஐந்தாம் நாள் சிவானுஜா பள்ளிக்கூடம் வரவில்லை. மயூரி மாஸ்டரிடம் ஓடினாள்.

"உங்க ஆளு மட்டம் போட்டுட்டா. மலைக்கு வாங்க, காட்டுறேன்."

மலையில் சிவானுஜாவின் அம்மா சந்திரகாந்தி காய்ச்சலோடு செடி மறைவில் உட்கார்ந்திருந்தாள். மகள் கொழுந்து பறித்து அம்மாவின் கூடையில் போட்டுக்கொண்டிருந்தாள். மயூரி விரலை நீட்டிக் காட்டினாள். கூடவே வந்த ஹெலனின் கமெரா ஓடிக்கொண்டிருந்தது.

"சின்னப் புள்ளய கொழுந்தெடுக்க விட்டேன்னு தோட்டத்துத் தொரைக்குத் தெரிஞ்சா, என்னைய வேலைய விட்டு நிப்பாட்டிருவாருங்க," என்றாள் சந்திரகாந்தி.

புறப்படும் நாளில் ஹெலனுக்கு ஒரு வழக்கம். படத்தில் வருகிறவர்களுக்கு அவரவர் காட்சியைப் போட்டுக் காட்டுவார். அவர்களில் ஒருவர் வேண்டாம் என்றாலும் அழித்துவிடுவார்.

மயூரிக்கு இருந்தது ஒரே ஒரு காட்சி. கமெராவின் சின்னத் திரையில் அவள் முகம், சிவப்பு ரிப்பன், நீட்டிய விரல். விரலுக்கு நேரே சிவானுஜா.

"நல்லா விழுந்திருக்கேன் மாஸ்டர்."

"ஓம். படம் முடிய ஒரு கொப்பி துரைக்கும் வரும். சிவானுஜாவுக்கும் அதைச் சொன்னனான்."

"அழிக்கச் சொல்லியிருப்பாளே."

"இல்லை. இருக்கட்டுமாம்."

"ஏன்?"

"மயூரி வாற இடம் இது ஒண்டுதானாம்."

மயூரி இன்னொரு தரம் போட்டுக் காட்டச் சொன்னாள். முழுதாகப் பார்த்தாள்.

பிறகு அழிக்கச் சொன்னாள்.