காலஞ்சென்றவர் ஆஜர்

நீதிபதி இயந்திரம் எழுதிய பாகப்பிரிவினைத் தீர்ப்பில், இறந்துபோன அண்ணன் பெயர் வர வேண்டிய இடத்தில் தம்பி இசக்கிராஜின் பெயர் விழுந்துவிட்டது. அந்த நிமிடத்திலிருந்து கணக்கில் அவர் செத்தவர்; ஊரில் ஒரு தானியங்கிக் கதவும் அவருக்குத் திறக்கவில்லை. ஓட்டுநரில்லாப் பேருந்து ஒன்றுகூட அவருக்காக நிற்கவில்லை. இன்று பிழைதிருத்த மனு. மூன்று முறை கூப்பிட்டும் பதில் இல்லையென்றால் மனு தள்ளுபடி. பெயர் கூப்பிடும் டவாலி ஜெபராஜ் நீதிமன்ற வராந்தாவுக்கு வந்து நின்றார்.

"இசக்கிராஜ்!"

"ஆஜர்!" என்று எதிரிலேயே நின்று அலறினார் இசக்கிராஜ்.

"பதில் இல்லை," என்றது நீதிபதி இயந்திரம். இறந்தவர்களின் குரல் அதன் காதில் ஏறாது.

இரண்டாவது தடவையும் அதே கதைதான். வராந்தாவில் கூட்டம் நெருங்கி வந்தது. ஜெபராஜ் மறுபடி வாய் திறப்பதற்குள் இசக்கிராஜின் மனைவி வள்ளிமயில் ஓடிவந்தாள்.

"ஏண்ணே, செத்தவருக்குப் பதிலா வாரிசு ஆஜராகலாம்லா?"

ஜெபராஜுக்குப் புல்லரித்துவிட்டது. "கூப்பிடுதேன் தாயி, சத்தமாச் சொல்லு!"

மூன்றாவது முறை கூப்பிட்டார்.

"ஆஜர்! அவரு பொண்டாட்டி!"

"வாரிசு ஆஜர். பிழை திருத்தப்பட்டது."

நீதிமன்ற வாசல் கதவு இசக்கிராஜுக்காகத் திறந்துகொண்டது. வராந்தாவே விசிலடித்தது. இயந்திரம் விடுவதாயில்லை.

"அடுத்த வழக்கு. கணவர் உயிரோடிருக்க, தன்னை வாரிசு என்று பொய் சொன்ன வள்ளிமயில்."

ஜெபராஜ் சிரிப்பை அடக்கிக்கொண்டு கூப்பிட்டார். வள்ளிமயிலுக்கோ சிரித்த சிரிப்பில் பேச்சே வரவில்லை.

"ஆஜர்!" என்று அவளுக்காகக் கத்தினார் இசக்கிராஜ்.

"கணவர் ஆஜர்," என்றது இயந்திரம்.