பெருச்சாளியின் மேட்டு நிலம்

ஏரிக்குள் பெருச்சாளிக்கு ஒரு துண்டு நிலம் இருந்தது. பதிவேட்டில் அதை நீர்ப்பிடிப்பு என்று எழுதி வைத்திருந்ததால் வளை தோண்ட வழியில்லை. பொறுத்துப் பார்த்த பெருச்சாளி, தை மாதத்தில் ஆமை அதிகாரியிடம் மனு கொடுத்தது. "என் நிலம் மேடுங்க. மாத்தி எழுதிக் குடுங்க."

ஆமை எதையும் நேரில் பார்க்காமல் எழுதாது. அது நடந்து வந்து சேர எப்படியும் சித்திரை ஆகிவிடும் என்பது பெருச்சாளியின் கணக்கு. அப்படியே ஆனது. கத்திரி வெயிலில் நிலம் பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. ஆமை காலால் தட்டிப் பார்த்துவிட்டு, "யாருக்காவது ஆட்சேபணை உண்டா?" என்று உரக்கக் கேட்டது. ஆட்சேபிக்க வேண்டிய தவளைகள் எல்லாம் அந்த மண்ணுக்கடியில்தான் கோடைத் தூக்கத்தில் கிடந்தன. மேடு என்று உத்தரவாயிற்று. பெருச்சாளி தடபுடலாக வளை தோண்டி, நெல்லும் சேர்த்து வைத்துக்கொண்டு குடியேறியது.

ஐப்பசியில் மழை கொட்டியது. ஏரியோடு வளையும் நிரம்பியது. சுற்றிலும் தவளைகள் கத்த, பெருச்சாளி ஒரு கருவேலங்கிளையைப் பற்றிக்கொண்டு நடுங்கியது. வெள்ளத்தில் சிக்கியவர்களை முதுகில் ஏற்றிக்கொண்டு ஆமை அந்தப் பக்கமாக நீந்தி வந்தது.

"ஐயா, என்னையும் ஏத்திக்குங்க!"

"ஏரிக்குள்ள இருக்கறவங்களை மட்டும்தான் ஏத்தச் சொல்லி உத்தரவு. நீங்க மேட்டுல இருக்கீங்களே."

"மேடா? கழுத்து வரைக்கும் தண்ணி வந்துடுச்சு, பாருங்கய்யா!"

"அப்படின்னா பள்ளம்னு மாத்தச் சொல்லி ஒரு மனு குடுங்க" என்றது ஆமை, நிற்காமல் நீந்திக்கொண்டே. "சித்திரையில வந்து பார்த்துட்டுச் சொல்றேன்."