ஒரு டாலருக்கு ஒரு தாள்

அது செவ்வாயா புதனா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை. பெய்ரூட்டில் டாலர் முதன்முதலாக ஒரு லட்சம் லிராவைத் தொட்ட நாள் என்பது மட்டும் நிச்சயம். ஊரே தலையில் கைவைத்து உட்கார்ந்திருக்க, ஃபிர்யால் ஒருத்திதான் சிரித்த முகத்தோடு பணம் மாற்றும் கடைக்கு வந்தாள்.

அவள் கையில் கணவன் ரஷாத் கொடுத்தனுப்பிய நூற்றைம்பது டாலர். “லட்சம் தொடட்டும், நம்ம கஷ்டத்துக்கு ஒரு முடிவு வந்துடும்” என்று அவன் மூன்று மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தான். எப்படி என்று கேட்டால் ஜன்னலுக்கு வெளியே பார்ப்பான். அவளும் இதய மாத்திரையைப் பாதியாக உடைத்து விழுங்கிக்கொண்டு, லிரா விழ வேண்டும் என்று தொழுகையில்கூட வேண்டிக்கொண்டாள்.

“தொண்ணூத்தெட்டாயிரம் தரேன்க்கா” என்றான் கடைக்காரன் அபூ ஹைதம்.

“லட்சம்னு ஊரே சொல்லுது. உன் காதுல மட்டும் விழலையா?”

“ஃபோன்ல வர்றது வேற, கையில தர்றது வேற.”

“சரியா பதினஞ்சு மில்லியன் வேணும்னு சொல்லி அனுப்பியிருக்காரு. ஒரு லிரா குறைஞ்சாலும் எதிர்க்கடைக்குப் போயிடுவேன்.”

“உங்கள மாதிரி நாலு பேர் வந்தா நான் கடையைச் சாத்திட்டுக் கீரை விக்கத்தான் போகணும்!”

விட்டுக்கொடுக்காமல் பேரம் பேசுவது அவளுக்கு அப்பாவிடமிருந்து வந்தது. அவளுடைய நிக்காஹ் அன்று, மாப்பிள்ளை தர வேண்டிய மஹர் தொகைக்காக ஒரு மதியம் முழுக்க இறங்கிவராமல் உட்கார்ந்திருந்த மனிதர். “இப்ப தர வேணாம், எழுதி வெச்சாப் போதும், விடுறப்போ தரட்டும். இவ்வளவு லிரா எழுதினாத்தான் எவனுக்கும் தலாக் சொல்ல வாய் வராது” என்றார்.

அபூ ஹைதம் டாலருக்கு ஒரு லட்ச லிராத் தாளாக நூற்றைம்பது தாள்களை எண்ணி ரப்பர் வளையம் போட்டான். “நான் கடை தொறந்தப்போ இதே பதினஞ்சு மில்லியனுக்குப் பத்தாயிரம் டாலர் எண்ணிக் கொடுத்திருக்கேன். இப்ப மருந்துக்கடைக்குப் போனா ரெண்டு மாச மாத்திரைக்குக் காணாது.”

“மாத்திரைக்குத்தான் போல” என்றாள் அவள்.

வழியில் மருந்துக்கடை வாசலில் ஒரு நிமிடம் நின்றாள். கட்டைப் பிரிக்க மனம் வரவில்லை. முழுசாகக் கொண்டுபோய்க் கொடுத்தால் ரஷாத்துக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று நடந்தாள்.

வீட்டில் ரஷாத் முகம் மழித்து, கோட்டுப் போட்டு உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் அவன் அண்ணனும், மாடிவீட்டு ஹாஜியாரும். யாரும் அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை.

“லட்சத்துக்கே மாத்திட்டேன்! அவன் படியவே இல்ல, நான் விடல” என்று மூச்சு வாங்கச் சொல்லி, கட்டை ரஷாத் முன்னால் வைத்தாள்.

தெருவில் ஜெனரேட்டர் நின்றது. அறையில் விளக்கு அணைந்தது.

ரஷாத் கட்டைப் பிரிக்கவில்லை. விரல் நுனியால் அதை அவள் பக்கமே தள்ளினான்.

“உன் மஹர். எண்ணிக்கோ.”