பதினாறு விசுக்கோத்து

ஓட்ஸ் தகரப் பேணியின் அடி தெரிந்தது. வினிபிரட் அதைக் கவிழ்த்துத் தட்டி, ஒட்டியிருந்த கடைசிச் செதிலையும் மாவில் விழுத்தினாள்.

தவிட்டோடு திரிகையில் அரைத்த கோதுமை மா. கொஞ்சம் தேங்காயெண்ணெய், உப்பு. சீனி சேர்க்கவில்லை. உருட்டித் தட்டியபோது பதினாறு விசுக்கோத்து வந்தது.

பதினாறும் அவள் புருஷன் நவரட்ணத்துக்கு.

பின்னேரம் அவர் கிளாலிக்குப் போகிறார். சண்டையால் தரைப்பாதை பூட்டு; அங்கிருந்து படகில் கடலேரியைத் தாண்டி, பிறகு கொழும்புக்கு, கண் ஒப்பரேஷனுக்கு. சலரோகக்காரர், சீனி வருத்தம். போன மாதம் படகுக்காக வெறும் வயிற்றோடு காத்திருந்து, கரையிலேயே மயங்கி விழுந்து, திரும்பி வந்தவர். இன்னொரு மாதம் கண் தாங்காது என்று டொக்டர் சொல்லிவிட்டார்.

அடுப்பில், மணல் பரப்பிய சட்டிக்குள் தட்டை இறக்கி மூடினாள். மூடியின் மேல் தணலை அள்ளிப் பரப்பியவள் குணலட்சுமி. காங்கேசன்துறையை விட்டு மூன்று இடம் மாறி, பத்து நாளுக்கு முன்தான் பக்கத்து வீட்டுக்கு வந்தவள்.

வினிபிரட் மெல்லிய குரலில் ஒரு யேசு கீர்த்தனையைத் தொடங்கினாள்.

இரண்டாம் சரணத்தில் பொம்பர் விமானம் வந்தது.

உள்ளேயிருந்து நவரட்ணமும் வர, மூவரும் முற்றத்தைத் தாண்டிப் பங்கர் குழிக்குள் இறங்கினார்கள். ஓடும்போதும் வினிபிரட்டின் பாட்டு அறவில்லை.

முதல் குண்டு தூரத்தில் விழுந்தது. அடுத்தது கிட்ட. தலைக்கு மேல் அடுக்கிய பனங்குற்றிகளுக்கு நடுவால் மண் கொட்டியது.

குணலட்சுமி முருகா, முருகா என்றாள். பொம்பர் கீழே பதியப் பதிய அந்தப் பெயர் வேகமாக வந்தது. கடைசியில் எழுத்துகள் ஒன்றோடொன்று ஒட்டி, வெறும் முனகலாகிப் போயின.

வினிபிரட் பாடிக்கொண்டிருந்தாள்.

அதே குரல். அதே நடை. நீட்ட வேண்டிய இடத்தில் நீட்டினாள். ஒவ்வொரு சரணம் முடியவும் பல்லவிக்குத் திரும்பினாள். தலைமயிரில் மண் விழுந்தது, தட்டவில்லை. கீர்த்தனை முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து எடுத்தாள்.

குணலட்சுமியின் வாய் ஓய்ந்தது.

அலகு குத்திக் காவடி எடுத்தவர்களைப் பார்த்தவள் அவள். தீ மிதித்தவர்களைப் பார்த்தவள். இப்படி ஒரு பக்தியைப் பார்த்ததில்லை. இருட்டில், மற்றவர்கள் காணாமல், அந்தக் குரலை நோக்கிக் கை கூப்பினாள்.

மூன்றாம் தரம் பாடி முடிந்தது. வினிபிரட் எழுந்து, சீலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு படியேறினாள்.

வானம் இன்னும் இரைந்துகொண்டிருந்தது.

"ஐயோ, மறியுங்கோ அண்ணை! அக்கா சாகப் போறா!" என்று குணலட்சுமி கத்தினாள்.

நவரட்ணம் அசையவில்லை.

"நான் மறிச்சு அவ எப்ப நிண்டவ, பிள்ளை?" என்றார். "பற்றறி இல்லாமல் சுவர் மணிக்கூடு நிண்டு ஒரு வருஷம். அவவுக்கு அந்தப் பாட்டுத்தான் மணிக்கூடு. மூண்டு தரம் பாடினால் விசுக்கோத்து பதம். நாலாந்தரம் எண்டால் கரி."

இரைச்சல் தேயும்வரை குணலட்சுமி அங்கேயே இருந்தாள். பிறகு அடுப்பிருந்த குசினிக்குப் போனாள்.

கூரையிலிருந்து இரண்டு ஓடுகள் விழுந்து நொறுங்கிக் கிடந்தன. வெடிமருந்து நெடிக்குள் வறுபட்ட தானியத்தின் மணம். தரையில் தட்டு. அதில் பதினாறும் ஒரே நிறத்தில் இருந்தன.

வினிபிரட் ஓரத்திலிருந்த ஒன்றை எடுத்து உடைத்து, பாதியை நீட்டினாள்.

"நீ உன்ரை முருகனைக் கூப்பிட்ட வேகத்துக்கு, இது பச்சை மாவாய் எல்லோ இருந்திருக்கும்!"

குணலட்சுமிக்குச் சிரிப்பு வரவில்லை. உடைந்த பக்கத்தைத் திருப்பிப் பார்த்தாள். நடுவரைக்கும் வெந்திருந்தது. ஓரம் கருகவில்லை.

கண்ணில் ஒற்றிவிட்டு வாயில் போட்டாள்.