பாதியில் இறங்கியவர்

“அங்கே போய் நிக்க உங்களுக்குக் கூச்சமா இல்லையா?” என்றாள் மனைவி.

மாஜி எம்.எல்.ஏ. சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருந்தார்.

“பாலம் கட்டறேன்னு ஓட்டு வாங்கினவர் நீங்க. கட்டினவர் காண்டிராக்டர். அவர் மேடையில உட்கார, நீங்க கீழே நின்னு கைதட்டப் போறீங்களா?”

“சும்மா பார்த்துட்டு வந்துடறேன்.”

“நானும் வரேன். தனியா விட்டா எவனாவது அடிச்சாலும் அடிப்பான்.”

அவள் ஒன்றும் கூட்டிச் சொல்லவில்லை. ஊர் அவ்வளவு காட்டமாகத்தான் இருந்தது.

அடிப்படையில் அவர் மருந்துக்கடைக்காரர். கடை ஆற்றுக்கு இந்தப் பக்கம், ஆஸ்பத்திரி அந்தப் பக்கம். வெள்ளம் வந்தால் படகு ஓடாது. சுற்றுவழியில் கிளம்பிய நோயாளிகள் எத்தனையோ பேர் பாதி வழியிலேயே பிணமாகத் திரும்பியதைப் பார்த்துவிட்டுத்தான் சுயேச்சையாக நின்றார். பாலம் மட்டுமே வாக்குறுதி. ஊரே வேலையைப் போட்டுவிட்டு வீடு வீடாக ஏறி இறங்கி அவரை ஜெயிக்க வைத்தது.

மூன்று வருடம் தலைநகரத்துக்கு நடையாய் நடந்தார். சபையில் கத்தினார், அமைச்சர் வீட்டு வாசலில் தவம் கிடந்தார். ஒரு செங்கல்கூட வந்து சேரவில்லை. திடீரென்று ஒருநாள் ராஜினாமா செய்துவிட்டு வந்து, பழையபடி கடை ஷட்டரைத் தூக்கினார். ஏன் என்று கேட்டவர்களிடம், “முடியலைப்பா” என்பதோடு சரி.

ஊர் விடுமா? “நல்ல விலைக்குப் போயிட்டான்” என்றது. கடைக்கு ஈ, காக்கா வரவில்லை. மகளைப் பெண் பார்க்க வந்தவர்கள் விஷயம் தெரிந்ததும் பாதியிலேயே எழுந்து போனார்கள். மனைவி அதற்கப்புறம் அவரிடம் முகம் கொடுத்துப் பேசியதே இல்லை.

அடுத்து நின்று ஜெயித்தவர் ஆளுங்கட்சிக் காண்டிராக்டர். இதோ, பாலமும் கட்டியாகிவிட்டது; இன்று திறப்பு விழா.

இருவரும் கூட்டத்தின் கடைசியில் நின்றார்கள். சலூன்காரர் திரும்பிப் பார்த்தார்.

“வாய்யா மகராசா! எந்த முகத்தை வெச்சுக்கிட்டு வந்தே? என் வீட்டுக்காரியைப் படகுக்குக் காத்திருந்தே பறிகொடுத்தவன் நான். கடையைச் சாத்திட்டு உனக்காக அலைஞ்சேனே... பாதியில விட்டுட்டு ஓடினியே, நீயெல்லாம் மனுஷனா?”

“உங்க கோபம் நியாயம்தான் அண்ணே.”

“நியாயம் பேச வந்துட்டார்!”

மேடையில் காண்டிராக்டர் மைக்கைப் பிடித்தார். “கையாலாகாதவங்க ஓடிப்போவாங்க. நான் சொன்னதைச் செய்யறவன்!”

எல்லோரையும்விடப் பலமாகக் கைதட்டியது சலூன்காரர்தான். மனைவிக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது.

அமைச்சர் ரிப்பனை வெட்ட, முதல் வண்டியாக ஆம்புலன்ஸ் பாலத்தில் ஏறியது. அது அக்கரை சேரும்வரை மருந்துக்கடைக்காரர் கண்ணை எடுக்கவில்லை.

“பார்த்தாச்சுல்ல? இன்னும் நாலு பேர் ஏசறதுக்குள்ள கிளம்புங்க” என்றாள் மனைவி.

தெருமுனையில் அவர்கள் பக்கத்தில் அமைச்சரின் கார் வந்து நின்றது. கண்ணாடி இறங்கியது.

“யோவ் மருந்துக்கடை!” அமைச்சர் வாய்விட்டுச் சிரித்தார். பிறகு மனைவியின் பக்கம் திரும்பினார்.

“இப்படி ஒரு ஆளை நான் பார்த்ததே இல்லைம்மா. ‘சுயேச்சை ஜெயிச்ச ஊருக்குப் பாலம் கட்டி எங்களுக்கு என்னய்யா லாபம்? நீ விலகு. இடைத்தேர்தல் வரட்டும், எங்க ஆளு ஜெயிக்கட்டும், பாலம் தானா வரும். காரணத்தை மட்டும் வெளியில விட்டுடாதே, ஊர் திரும்பவும் உன்னையே ஜெயிக்க வெச்சிடும்’னு ஏதோ விளையாட்டாத்தான் சொன்னேன். மறுநாளே ராஜினாமா பண்ணிட்டார்!”

அவள் முகம் போன போக்கைப் பார்த்து அமைச்சரின் சிரிப்பு நின்றது.

“ஏம்மா... உங்ககிட்டகூடவா சொல்லலை?”