ஈர வலை

தெருவில் கோஷம் கேட்டதிலிருந்து, மீனவர் சங்கத்தைத் தொடங்கிய தலைவருக்கு வீட்டுக்குள் இருப்புக்கொள்ளவில்லை. குறுக்கும் நெடுக்குமாக நடந்தார்.

"ஒரு இடத்துல உட்காருங்களேன்" என்றாள் மனைவி.

"எப்படி உட்கார்றது? நான் எழுதின கோஷம். இப்படியா இழுத்து இழுத்துக் கத்துறது?"

"வெளியே மட்டும் போகாதீங்க மாமா" என்றான் மருமகன்.

"முதல் போராட்டத்துல, கூலியைக் குறைச்ச முதலாளி வீட்டு வாசல்ல ஈர வலையைக் குவிச்சு, ஆளை வெளியே வர விடாமப் பண்ணினது யாரு? நான்! இவனுங்களுக்கு அதெல்லாம் எங்கே ஞாபகம் இருக்கப் போகுது?"

கோஷம் நின்றது. தொப்பு தொப்பென்று ஏதோ விழுந்தது.

"நாலு வார்த்தை பேசிட்டு வரேன்" என்று சட்டையை மாட்டிக்கொண்டு வாசல் கதவை வெளியே தள்ளினார். அசையவில்லை. தோள் கொடுத்துத் தள்ளியதும், விரலளவு திறந்த இடுக்கில் ஈர வலை பிதுங்கிக்கொண்டு வந்தது.

"பத்துப் படகுக்கு முதலாளி ஆனதும் கூலியில கை வைக்காதீங்கன்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேன். கேட்டீங்களா?" என்றாள் மனைவி.

அவர் வலையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"மறக்கலை, படுபாவிங்க!"